நடந்துபோகும் நிழலுருவங்கள்: பரிணாமம் பற்றிய ஓர் ஆவணப்படம் தன் கருத்துக்கு எதிராகவே பேசியது எப்படி?

பின்னணி

பரிணாம அறிவியலையும், அது பண்பாட்டில் ஏற்படுத்திய தாக்கத்தையும் 52 நிமிடத்தில் சொல்ல வேண்டும். பின்னணிக் குரல் தமிழில். இதுதான் திட்டம். இயக்குநர் அதற்கு முன் வரலாற்று ஆவணப்படங்கள் எடுத்தவர். உயிரியல் அவர் துறையன்று. குழுவில் ஒளிப்பதிவாளர், படத்தொகுப்பாளர், தகவல் திரட்டுபவர், அசைவூட்டக் கலைஞர் என்று நால்வர். பரிணாம உயிரியலாளர் ஒருவரை ஆலோசகராக அமர்த்தியிருந்தார்கள். ஆனால் ஒப்பந்தப்படி அவர் பார்க்க வேண்டியது தொகுத்து முடிந்த படத்தை மட்டுமே. பின்னால் வந்த சிக்கல்களில் பாதிக்கு இந்த ஒரு வரிதான் காரணம்.

பேட்டிகள் 11. மொத்தப் பதிவு 38 மணி நேரம். படம் மூன்று பகுதிகளாகத் திட்டமிடப்பட்டது. அறிவியல் என்ன சொல்கிறது என்பது முதல் பகுதி. டார்வினின் ‘உயிரினங்களின் தோற்றம்’ நூல் வெளிவந்த 1859-க்குப் பிறகு அந்த அறிவியல் பொதுவெளியில் எப்படிப் பரவியது, எப்படித் திரிந்தது என்பது இரண்டாவது. மூன்றாவது, இன்றைய நிலை. படத்தின் மையக் கருத்து முதல் குறிப்பேட்டிலேயே தெளிவாக எழுதப்பட்டிருந்தது: பரிணாமம் ஏணியன்று, கிளைவிடும் மரம்.

முதல் தொகுப்பில் இருந்தவை

முதல் தொகுப்பு 74 நிமிடம் வந்தது. குனிந்த குரங்கில் தொடங்கி நிமிர்ந்த மனிதனில் முடியும் நிழலுருவ வரிசைதான் தொடக்கக் காட்சி. இடமிருந்து வலமாக நடக்கும். ஒவ்வோர் உருவமும் அடுத்ததாக உருமாறும். நீளம் 40 நொடி. அதே வரிசை பகுதி மாறும் இடங்களில் 8 நொடித் துண்டாக நான்கு முறை திரும்ப வந்தது. எல்லாம் சேர்த்தால் 72 நொடி. அந்த வரிசை தவறு என்று பேட்டியாளர் ஒருவர் விளக்குவது 41-ஆம் நிமிடத்தில், 25 நொடி.

கணக்கை இப்படி எழுதிப் பார்த்தாலே கோளாறு தெரிந்துவிடும். தொகுப்பு மேசையில் யாரும் எழுதிப் பார்க்கவில்லை. மேற்கோள் காட்டி மறுக்கத்தான் அந்தக் காட்சியைச் சேர்த்தார்கள், ஆகவே அதில் தவறில்லை என்று எண்ணினார்கள். இசையும் தன் பங்குக்குக் கெடுத்தது. உருவங்கள் நிமிர நிமிரச் சுருதி ஏறி, மனிதன் வந்து நிற்கும் இடத்தில் முழக்கத்தோடு முடிந்தது.

சோதனைத் திரையிடல்

குழுவுக்குத் தொடர்பில்லாத 22 பேருக்குப் படம் போட்டுக் காட்டப்பட்டது. திரையிடலுக்கு முன்னும் பின்னும் ஒரே மூன்று கேள்விகள், எழுத்தில். முதல் கேள்வி: இன்றிருக்கும் சிம்பன்சிகள் போதிய காலம் கிடைத்தால் மனிதராகுமா? படம் பார்ப்பதற்கு முன் ‘ஆகும்’ என்று எழுதியவர்கள் 9 பேர். பார்த்த பிறகு 13 பேர்.

படத்தில் நினைவில் நிற்கும் ஒரு காட்சியைக் கிறுக்கலாக வரைந்து தரும்படியும் கேட்டிருந்தார்கள். 14 தாள்களில் அதே நடைவரிசை. ‘படம் பிடித்ததா’ என்று கேட்டிருந்தால் இது வெளிப்பட்டிருக்காது. பலருக்குப் படம் பிடித்தும் இருந்தது. 22 பேரை வைத்து எதையும் நிறுவ முடியாதுதான். ஆனால் தவறான கருத்தைக் களைய எடுத்த படம் அதை நாலு பேரிடம் கூட்டியிருக்கிறது என்றால், காரணம் தேடாமல் விட முடியாது.

ஆலோசகர் படத்தை முதன்முதலாகப் பார்த்ததும் அந்தத் திரையிடலில்தான்.

முதல் முடிவு: நடைவரிசையை என்ன செய்வது

மூன்று வழிகள் பேசப்பட்டன. மறுப்பைப் படத்தின் தொடக்கத்துக்குக் கொண்டுவருவது, வரிசையின் மேல் சிவப்புக் குறுக்குக்கோடு போடுவது, வரிசையையே எடுத்துவிடுவது. குறுக்குக்கோட்டை ஆலோசகர் ஏற்கவில்லை. கோடு மறந்துபோகும், அடியிலிருக்கும் உருவம் மறக்காது என்றார். அடியோடு எடுப்பதை இயக்குநர் ஏற்கவில்லை. பண்பாட்டுத் தாக்கம் பற்றிய படத்தில், அந்தத் தாக்கத்தின் ஆகப் பெரிய சான்றையே மறைக்க முடியாது என்பது அவர் வாதம். இரண்டும் சரியான வாதங்களே.

தீர்வு அந்தப் படிமத்தின் வரலாற்றிலிருந்து கிடைத்தது. இன்று எல்லோரும் அறிந்த வடிவம் 1965-இல் வெளிவந்த ஒரு பொதுமக்கள் அறிவியல் நூலின் மடிப்புத் தாளுக்காக ருடால்ஃப் ஸாலிங்கர் வரைந்தது. அதில் 15 உருவங்கள். அவற்றில் நாலுகாலில் நடந்தவையும் ஒப்பீட்டுக்காகவே நிமிர்ந்து நிற்பதாக வரையப்பட்டுள்ளன என்று அந்த நூலே குறிப்பிட்டது. குறிப்பு தொலைந்தது, வரிசை தங்கிவிட்டது. அதற்கு 102 ஆண்டு முன்பு, 1863-இல், டார்வினை ஆதரித்த ஆங்கிலேய உயிரியலாளர் தாமஸ் ஹக்ஸ்லி தன் நூலின் முகப்பில் ஐந்து எலும்புக்கூடுகளை வரிசையாக வைத்திருந்தார்: கிப்பன், ஒராங்குட்டான், சிம்பன்சி, கொரில்லா, மனிதன். ஐந்துமே இன்றும் உயிரோடிருக்கும் இனங்கள். எதுவும் எதற்கும் மூதாதை அன்று. மற்றவற்றைவிடச் சிறிய கிப்பன் அதில் இருமடங்கு பெருக்கி வரையப்பட்டிருந்தது. அது உடலமைப்பு ஒப்பீட்டுப் படம். ஆனால் பக்கவாட்டில் வரிசையாக நிற்பதை எல்லாம் ‘முன்னே பின்னே’ என்று வாசிப்பது கண்ணின் பழக்கம்.

புதிய தொடக்கம் இதிலிருந்து பிறந்தது. ஹக்ஸ்லியின் ஐந்து எலும்புக்கூடுகளும் தோன்றும். ‘இவை ஐந்தும் ஒரே காலத்தவை’ என்று குரல் முதலிலேயே சொல்லிவிடும். அதன் பிறகே ஒவ்வொன்றிலிருந்தும் ஒரு கோடு பின்னோக்கி ஓடிக் கிளைகளாகக் கூடும். நடைவரிசை படத்தில் ஒரே ஒரு முறை, 4 நொடி, அசையாத படமாக மட்டும். அது திரைக்கு வருமுன்பே அது ஏன் தவறு என்பதைக் குரல் சொல்லி முடித்திருக்கும். இந்த வரிசைமுறைதான் முக்கியம். படிமம் முதலில் வந்து மறுப்பு பின்னால் வந்தால், படிமமே தங்கும்.

மூன்று வாரம் உழைத்த உருமாற்ற அசைவூட்டம் குப்பைக்குப் போனது. மரத்தைச் செய்ய ஐந்து வாரம் ஆயிற்று, அதுவும் முதல் முயற்சியில் தவறாகவே வந்தது. அசைவூட்டக் கலைஞர் மரத்தைக் கீழிருந்து மேலாக வளரவிட்டு, மனிதனை வலது மேல் நுனியில் வைத்திருந்தார். ஏணி மரமாக வேடமிட்டு வந்திருந்தது. இரண்டு மாற்றங்கள் செய்யப்பட்டன. காலம் இடமிருந்து வலம் ஓடியது. எல்லா நுனிகளும் ஒரே நேர்கோட்டில், இன்று என்ற கோட்டில், முடிந்தன. இரண்டாவது, ஒவ்வொரு கணுவும் தொங்கும் பொம்மைக் கம்பிபோலச் சுழன்றது. கணுவைச் சுற்றிக் கிளைகள் இடம் மாறினாலும் உறவு மாறாது என்பது கண்ணுக்குத் தெரிந்தது. மனிதன் ஒரு சுழற்சியில் மேலேயும் அடுத்ததில் நடுவிலும் வந்தான். சிம்பன்சிக்குக் கொரில்லாவைவிட மனிதனே நெருங்கிய உறவு என்பதை எந்தச் சுழற்சியும் குலைக்கவில்லை. மனிதக் கிளையும் சிம்பன்சிக் கிளையும் பிரிந்த கணுவில் ‘சுமார் 60 முதல் 70 லட்சம் ஆண்டுகளுக்கு முன்’ என்று வீச்சாகவே எழுதினார்கள். ஒற்றை எண் போட்டால் பார்ப்பவர் அதைப் பிறந்த தேதியைப் போல எடுத்துக்கொள்வார்.

உரிமை விஷயத்தில் ஒரு குறிப்பு. 1863 படத்துக்குக் காப்புரிமைக் காலம் முடிந்துவிட்டது. ஆனால் அதன் தரமான நகல் ஒரு நூலகத் தொகுப்பிலிருந்து வந்தது. நூலகத்தின் பயன்பாட்டு விதி தனி. 1965 படத்துக்கு முறையான அனுமதி தேவைப்பட்டது; ஏழு வாரம் பிடித்தது.

இரண்டாவது முடிவு: சொற்கள்

படத்தைச் சரிசெய்த பிறகும் குரல் பழைய கதையையே சொல்லிக்கொண்டிருந்தது. இதைக் கண்டுபிடித்தவர் தகவல் திரட்டுபவர். உரையை அச்சிட்டு, ஏற்றத்தைக் குறிக்கும் ஒவ்வொரு சொல்லின் கீழும் கோடிட்டார்.

‘பரிணாம வளர்ச்சி’ 31 இடங்களில் வந்திருந்தது. பரிணாமம் என்றாலே மாற்றம் என்றுதான் பொருள். வளர்ச்சி பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது. அது ஒட்டிய பிறகு, சிறியது பெரிதாவதும் தாழ்ந்தது உயர்வதும் சொல்லாமலே உள்ளே வந்துவிடுகின்றன. கண்ணிழந்த குகைமீனும் கால்களை இழந்த பாம்பும் இந்தச் சொல்லுக்குள் அடங்குவதில்லை. பள்ளியில் படித்த சொல் என்பதால் முதல் முறை ‘பரிணாம வளர்ச்சி’ என்று சொல்லி, அதிலிருக்கும் சிக்கலை ஒரு வாக்கியத்தில் விளக்கிவிட்டு, பிறகு படம் முழுக்கப் ‘பரிணாமம்’ மட்டும் என்று முடிவாயிற்று. டார்வினின் 1859 முதற்பதிப்பிலும் எவல்யூஷன் என்ற பெயர்ச்சொல் இல்லை. அதன் வினைவடிவம் மட்டும் நூலின் கடைசிச் சொல்லாக வருகிறது. இந்தத் தகவலையும் அங்கேயே சேர்த்தார்கள்.

‘வலியது வாழும்’ என்ற தொடரைப் பேட்டியாளர்கள் இருவர் சொல்லியிருந்தனர். ‘சர்வைவல் ஆஃப் தி ஃபிட்டஸ்ட்’ என்ற ஆங்கில மூலத்தொடர் 1864-இல் தத்துவவாதி ஹெர்பர்ட் ஸ்பென்சர் ஆக்கியது. டார்வின் அதை 1869-இல் வந்த ஐந்தாம் பதிப்பில் எடுத்துக்கொண்டார். அதில் வலிமை இல்லை, பொருத்தம்தான் இருக்கிறது. தமிழுக்கு வரும்போது பொருத்தம் வலிமையாகிவிட்டது. பேட்டியை வெட்டாமல் வைத்துக்கொண்டு, உடனே குரல் திருத்தும்படி செய்தார்கள். ‘சூழலுக்குப் பொருந்தியது எச்சம் விட்டுச் செல்லும்’ என்று முதலில் எழுதிய வாக்கியம் அழகாக இருந்தது. ஒலிப்பதிவுக் கூடத்தில் குரலாளரே சிரித்துவிட்டார். எச்சம் என்றால் இன்று காதில் விழுவது பறவை எச்சம். ‘சந்ததி’ என்று மாற்றப்பட்டது.

எல்லாவற்றையும்விட நுட்பமான பிழை ஒரு துணைவினையில் இருந்தது. ‘நிறத்தை மாற்றிக்கொண்டது’, ‘இறகை வளர்த்துக்கொண்டது’, ‘தன்னைத் தகவமைத்துக்கொண்டது’ என்று உரையில் 17 இடங்கள். ‘கொள்’ சேர்ந்தாலே அந்த உயிர் தனக்காக, தெரிந்தே செய்தது என்ற தொனி வந்துவிடுகிறது. எந்த அந்துப்பூச்சியும் நிறத்தை மாற்றிக்கொள்வதில்லை. புகைக்கரி படிந்த மரங்களில் கருநிறத்தவை பறவைக்குத் தப்பி அதிகம் முட்டையிட, தலைமுறைகள் செல்லச் செல்லக் கூட்டத்தின் நிறவிகிதம் மாறுகிறது. 17 வாக்கியங்களும் எழுவாயை மாற்றி எழுதப்பட்டன: தனி உயிருக்குப் பதில் கூட்டம். வாக்கியங்கள் நீண்டன. குரலாளரின் வேகம் நிமிடத்துக்குச் சுமார் 95 சொல். கூடுதலாக இரண்டு நிமிடம் தேவைப்பட்டது. அந்த இரண்டு நிமிடத்துக்காக பரிணாமம் பற்றிய 1860 ஆக்ஸ்ஃபோர்டு விவாதத்தின் நடிப்புக் காட்சி பலியானது. அதில் வருத்தப்பட எதுவுமில்லை. ஹக்ஸ்லியும் ஆயர் வில்பர்ஃபோர்ஸும் மோதிய அந்தக் கூட்டத்துக்குச் சொல்லுக்குச் சொல் எடுத்த பதிவு கிடையாது. ஹக்ஸ்லியின் பிரபலமான பதிலடி பல ஆண்டு கழித்து எழுதப்பட்ட நினைவுக்குறிப்புகளிலிருந்து வந்தது. நடிகர்கள் அதை உறுதியான வசனமாகப் பேசினால், பார்ப்பவர் அதை நடந்ததாகவே எடுத்துக்கொள்வார்.

மூன்றாவது முடிவு: அந்துப்பூச்சி

வெளிர்நிறப் பூச்சியும் கருநிறப் பூச்சியும் ஒரே மரத்தண்டில் அருகருகே அமர்ந்திருக்கும் பழைய புகைப்படத்தை முதல் தொகுப்பில் எந்த விளக்கமும் இல்லாமல் வைத்திருந்தார்கள். இவ்வகைப் படங்கள் பூச்சிகளைக் கையால் அமர்த்தி எடுக்கப்பட்டவை. சிலவற்றில் இருப்பவை செத்த மாதிரிகள். பறவைகள் இந்தப் பூச்சிகளை நிறம் பார்த்து வேட்டையாடுகின்றனவா என்று 1950-களில் பெர்னார்ட் கெட்டில்வெல் செய்த ஆய்வின் மீது பின்னாளில் எழுந்த ஐயங்களில் இதுவும் ஒன்று. பகலில் பூச்சிகள் தண்டைவிடக் கிளைகளிலேயே அதிகம் தங்குகின்றன என்பதும் பேசப்பட்டது. இந்த ஐயங்களுக்கு விடைதேடி மைக்கேல் மஜெரஸ் 2001 முதல் 2007 வரை 4,864 பூச்சிகளை வைத்து ஆய்வைத் திரும்பச் செய்தார். அவர் மறைவுக்குப் பிறகு 2012-இல் முடிவு வெளியானது: பறவைகள் நிறம் பார்த்துத்தான் வேட்டையாடுகின்றன.

புகைப்படத்தை எடுத்துவிடலாம் என்பது படத்தொகுப்பாளரின் விருப்பம். ஆலோசகர் வைக்கச் சொன்னார், அதைப் பற்றி வெளிப்படையாகப் பேசிவிட்டு. அடுக்கி எடுத்த படம் என்பதை மறைத்தால் நாளை எவராவது அதையே காட்டி மொத்தப் படத்தையும் பொய் என்பார்; நாமே சொல்லிவிட்டால் ஓர் ஆய்வு ஐயத்தை எதிர்கொண்ட விதமே காட்சியாகும். புகைப்படம் 6 நொடி இருந்தது. ‘விளக்கத்துக்காக அமர்த்தி எடுக்கப்பட்டது’ என்ற எழுத்தும் 6 நொடியும் இருந்தது.

இங்கே தொழில்நுட்பப் பிழை ஒன்றும் அகப்பட்டது. நிறத் திருத்தத்தின்போது காட்சி ‘எடுப்பாக’ இருக்கட்டும் என்று ஒளி வேறுபாட்டைக் கூட்டியிருந்தார்கள். பட்டையோடு ஒன்றிப்போக வேண்டிய வெளிர்ப் பூச்சி பளிச்சென்று தெரிந்தது. மறைவு என்பதே காட்சியின் சான்றாக இருக்கும்போது, அழகுக்காகத் தொடும் ஒளியளவு சான்றையே திருத்திவிடும். பூச்சிக் காட்சிகள் எல்லாவற்றுக்கும் ஒரே அடிப்படைத் திருத்தம், அதற்குமேல் எதுவும் வேண்டாம் என்று முடிவு செய்தார்கள்.

நான்காவது முடிவு: ஒரு பேட்டி

சமய ஆசிரியர் ஒருவரின் பேட்டி 48 நிமிடம். படத்தில் வந்தது 19 நொடி. அதுவும் 12-ஆம் நிமிடத்து வாக்கியத்தையும் 31-ஆம் நிமிடத்து வாக்கியத்தையும் ஒட்டியது. ஒட்டு தெரியாமலிருக்க இடையில் அவர் கைகளின் அண்மைக் காட்சி. கேட்பவருக்கு அவர் பரிணாமத்தை மறுப்பதாகத் தோன்றியது. அவர் சொன்னதோ நிபந்தனை வாக்கியம். மறைநூலை அறிவியல் பாடநூலாக எடுத்துக்கொள்பவர் மறுத்துத்தான் ஆக வேண்டும், தான் அப்படி எடுத்துக்கொள்வதில்லை என்று பேசியிருந்தார். பின்பாதி தொகுப்பில் விழுந்துவிட்டது.

கெட்ட எண்ணம் எதுவும் இல்லை. எதிர்த்தரப்புக்கு ஒரு குரல் தேவை என்று திரைக்கதைத் தாளில் ஒரு கட்டம் காலியாக இருந்தது; அதை நிரப்பினார்கள். 11 பேட்டிகளையும் நேரக்குறியீட்டோடு முழுமையாக எழுத்தாக்கியிருந்தால் ஒட்டு வேலை உடனே தெரிந்திருக்கும். நாலு பேட்டிகள் மட்டுமே எழுத்தாகியிருந்தன.

மீதி ஏழும் எழுத்தாக்கப்பட்டன. ஒரே மூச்சில் பேசாத இரு வாக்கியங்களை ஒட்டினால் இடையே குரலோ வேறு காட்சியோ வந்து இடைவெளியைக் காட்ட வேண்டும் என்று விதி வகுத்தார்கள். இறுதி வடிவத்துக்கு முன் ஒவ்வொருவருக்கும் அவரவர் பகுதியை அனுப்பினார்கள். தகவல் பிழையையோ பொருள் திரிபையோ சுட்டலாம், சொன்ன கருத்தை நீக்கச் சொல்ல முடியாது என்று கடிதத்தில் தெளிவாக எழுதினார்கள். ஒருவர் மட்டும் நீக்கச் சொன்னார்; நீக்கவில்லை. சமய ஆசிரியரின் பகுதி 19 நொடியிலிருந்து 54 நொடி ஆயிற்று.

வழக்கும் இனமேம்பாடும்

இவ்விரண்டும் விரைவில் தீர்ந்தன. மனிதப் பரிணாமத்தைக் கற்பிக்கத் தடைவிதித்த அமெரிக்க மாநிலச் சட்டம் ஒன்றை மீறியதாகப் பள்ளி ஆசிரியர் ஒருவர் மீது நடந்த 1925 டேட்டன் வழக்கு அறிவியலின் வெற்றியாக முடிவதுபோல் தொகுக்கப்பட்டிருந்தது. ஆசிரியர் குற்றவாளி எனத் தீர்ப்பாகி 100 டாலர் அபராதம் விதிக்கப்பட்டதும், 1927-இல் அத்தீர்ப்பு அபராதத்தை விதித்த முறையிலிருந்த குறையால்தான் நீங்கியதும், சட்டம் 1967 வரை நீடித்ததும் சேர்க்கப்பட்டன.

தகுதியற்றவர் என்று கருதியவர்கள் பிள்ளை பெறுவதைத் தடுத்து மனித இனத்தை மேம்படுத்தலாம் என்ற இனமேம்பாட்டுக் கொள்கை பற்றிய பகுதியில் பிழை காட்சி வெட்டில் இருந்தது. டார்வின் உருவப்படத்திலிருந்து நேராகக் கட்டாயக் கருத்தடைக் காட்சிக்குத் தாவல். இரண்டு காட்சிகளை ஒட்டினாலே ஒன்றால் மற்றது விளைந்தது என்று பொருள்படும். அதற்காக உறவை மறைக்கவும் கூடாது: 1883-இல் அந்தச் சொல்லை உருவாக்கிய பிரான்சிஸ் கால்டன் டார்வினின் உறவினர், அவர் நூலால் உந்தப்பட்டவர். இடையில் கால்டனுக்கு ஒன்றரை நிமிடம் ஒதுக்கப்பட்டது.

இரண்டாம் திரையிடல்

இறுதி நீளம் 52 நிமிடம். புதிதாக 19 பேர், அதே கேள்விகள். சிம்பன்சி மனிதராகும் என்றவர்கள் பார்ப்பதற்கு முன் 8, பின் 3. வரைந்த தாள்களில் சுழலும் மரம் 6, அந்துப்பூச்சி 5, மற்றவை பலவிதம். 4 நொடி மட்டுமே வந்த நடைவரிசை இரண்டு தாள்களில் இருந்தது.

எல்லாம் சரியாகிவிடவில்லை. ‘கோட்பாடு என்றால் நிரூபிக்கப்படாத ஊகமா?’ என்ற கேள்விக்கான விடைகளில் முன்னும் பின்னும் ஏறக்குறைய மாற்றமே இல்லை. படத்தில் அதற்கு ஒரு காட்சியும் கிடையாது, ஒரு வாக்கியம்தான். மரம் சுழலும் பகுதி புரியவில்லை என்று மூவர் எழுதினர். முதல் சுழற்சியை மெதுவாக்கி, இசையை நிறுத்தி, அங்கு 5 நொடி கூட்டினார்கள்.

வெளியீடு

படம் வெளியானபோது, வெளியிட்ட நிறுவனத்தின் விளம்பரப் பிரிவு தானே ஒரு சுவரொட்டியும் 30 நொடி முன்னோட்டமும் செய்தது. இரண்டிலும் நடைவரிசை. முன்னோட்டத்துக்கு அவர்கள் பயன்படுத்தியது குப்பைக்குப் போன அதே 40 நொடி அசைவூட்டம். முதல் தொகுப்பை அனுப்பியபோது கோப்புறையோடு அதுவும் போயிருந்தது. ஒப்பந்தத்தில் விளம்பரப் படங்கள் பற்றி ஒரு வரிகூட இல்லை. பேசி மாற்ற ஒன்பது நாள் ஆயிற்று. அதற்குள் பகிரப்பட்டவற்றைத் திரும்பப் பெற வழியில்லை. படத்தைப் பார்க்காமல் சுவரொட்டியை மட்டும் பார்த்தவர்களே அதிகம் இருந்திருப்பார்கள்.

அடுத்த படத்துக்கு மாற்றப்பட்டவை

ஆலோசகர் திரைக்கதைத் தாள் நிலையிலேயே வருகிறார். உரையையும் காட்சித் திட்டத்தையும் தனித்தனியாக அல்லாமல் அருகருகே வைத்துப் பார்க்கிறார். உரையில் உள்ள ஒவ்வொரு தகவல் வாக்கியத்துக்கும் நேரக்குறியீடு, வாக்கியம், சான்று என மூன்று பத்திகளில் அட்டவணை. நான்காவது பத்தியும் உண்டு: அந்த நேரத்தில் திரையில் இருப்பது என்ன, ஒலியை நிறுத்திவிட்டுப் பார்த்தால் அது என்ன சொல்கிறது? பேட்டிகள் அனைத்தும் தொகுப்பு தொடங்குமுன் எழுத்தாகின்றன. முதல் சோதனைத் திரையிடல் அசைவூட்டம் செய்யுமுன், பென்சில் வரைபடங்களை வைத்தே நடக்கிறது. அப்போது மூன்று வார உழைப்பு வீணாவதில்லை.

ஒப்பந்தத்தில் இரண்டு வரிகள் கூடியிருக்கின்றன. சுவரொட்டி, முன்னோட்டம், சிறுபடம் ஆகியவற்றுக்கு இயக்குநரின் எழுத்து ஒப்புதல் வேண்டும். இறுதி வடிவத்தில் இல்லாத காட்சிகள் எதுவும் வெளியீட்டாளரிடம் செல்லும் கோப்புறையில் இருக்கக் கூடாது.